கென்டா பாடிய பாட்டு

ஏப்ரல் என்று காலண்டரில்தான் இருந்தது. ஸ்டாக்ஹோமில் அன்று காது மடல் விறைக்கிற குளிர். மெட்போர்யார்பிளாட்சென் சதுக்கத்திலிருந்து ஆயிரக்கணக்கில் பச்சை வெள்ளைத் துண்டைக் கழுத்தில் சுற்றிக்கொண்டு தெற்கே நடந்துகொண்டிருந்தோம். ஹம்மர்பி கால்பந்து அணி சொந்த மைதானத்தில் பருவத்தின் முதல் ஆட்டத்தை ஆடும் நாளில் இப்படி ஊர்வலமாகப் போவது இங்கே வழக்கம். எனக்குக் கால்பந்தில் பெரிய ஈடுபாடு கிடையாது. ஒரு டிக்கெட் மிச்சம் இருக்கிறது, வா என்று அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரர் கூப்பிட்டார், போனேன். ஸ்கான்ஸ்துல் பாலத்தின் மேல் கூட்டம் நெருக்கித் தள்ளியபோது தேருக்குப் பின்னால் மாட்டிக்கொண்ட மாதிரி இருந்தது. யார் யார் காலை மிதிக்கிறார்கள் என்று தெரியவில்லை. யாரும் கோபித்துக்கொள்ளவும் இல்லை.

மைதானம் கூரை போட்டது. ஏறக்குறைய 30,000 பேர் உட்காரலாம். ஆட்டக்காரர்கள் உள்ளே வரும் நேரம் ஒலிபெருக்கியில் ஒரு பழைய ஒலிப்பதிவைப் போட்டார்கள். தேர்ந்த பாடகரின் குரல் இல்லை அது. கொஞ்சம் கரகரப்பு, கொஞ்சம் வீம்பு. ஒரு வரி போவதற்குள் ஒலிபெருக்கி காணாமல் போய்விட்டது. முழு மைதானமும் பாடிக்கொண்டிருந்தது. கழுத்தில் இருந்த துண்டுகளை எல்லாம் இரண்டு கையாலும் தலைக்கு மேல் விரித்துப் பிடித்திருந்தார்கள். பக்கத்தில் திரும்பிப் பார்த்தேன். என்னைக் கூட்டி வந்தவருக்கு அறுபது வயது நெருங்குகிறது. அலுவலகக் கூட்டங்களில் இரண்டு வாக்கியத்துக்கு மேல் பேசாத மனிதர். அவர் கண் கலங்கியிருந்தது.

பாட்டு முடிந்ததும் யார் பாடியது என்று கேட்டேன்.

“கென்டா.”

“பழைய ஆட்டக்காரரா?”

“இல்லை. ஒரு படத்தில் வந்தவன்.” கொஞ்சம் யோசித்துவிட்டு, “குடிகாரன்” என்றார். அதைச் சொன்ன விதத்தில் இளக்காரம் எதுவும் இல்லை. நம் ஊரில் செத்துப்போன சித்தப்பாவைப் பற்றிச் சொல்வது போல இருந்தது.

அன்றைக்கு ஆட்டம் என்ன ஆயிற்று என்பது நினைவில் இல்லை.

ஸ்வீடன் சினிமா என்றால் எனக்குத் தெரிந்ததெல்லாம் இயக்குநர் இங்மர் பெர்க்மன். சிற்றிதழ் படித்து, திரைப்படச் சங்கங்களில் மடக்கு நாற்காலி போட்டுப் படம் பார்த்து வளர்ந்த என் தலைமுறைக்கு ஸ்வீடன் என்பதே பெர்க்மனின் இன்னொரு பெயர்தான். கடற்கரையில் மரணத்தோடு சதுரங்கம் ஆடுவார்கள், அறைக்குள் உட்கார்ந்து கடவுள் இருக்கிறாரா என்று கிசுகிசுப்பார்கள். இங்கே வந்து பத்து வருடம் ஆன பிறகும் அந்தச் சித்திரம் மனதில் அப்படியே ஒட்டிக்கொண்டிருந்தது. அதே ஊரில், அதே வருடங்களில், சுரங்க ரயில் நிலையத்தின் படிக்கட்டில் வேறொரு ஸ்வீடிஷ் சினிமா நடந்துகொண்டிருந்தது என்பதைக் கால்பந்து பார்க்கப் போய்த்தான் தெரிந்துகொண்டேன்.

கென்டா என்பது செல்லப்பெயர். முழுப்பெயர் கென்னெத் குஸ்டாஃப்சன், பிறந்தது 1948-ல். அவரும் அவருடைய கூட்டாளி ஸ்டோஃபெ என்கிற குஸ்டாவ் ஸ்வென்சனும் முதலில் திரையில் தோன்றியது 1968-ல் வந்த ஓர் ஆவணப்படத்தில். ஸ்டெஃபான் யார்ல், யான் லிண்ட்க்விஸ்ட் என்று இரண்டு இளைஞர்கள் சேர்ந்து எடுத்தது. ‘தொம் கல்லார் ஒஸ் மோட்ஸ்’ என்று பெயர். ‘எங்களை மோட்ஸ் என்கிறார்கள்’ என்று அர்த்தம். பிரிட்டனின் மோட்ஸ் என்றால் இறுக்கமான கோட்டும் ஸ்கூட்டருமாகத் திரிந்தவர்கள். ஸ்டாக்ஹோமில் அந்தச் சொல் வந்து சேரும்போது சட்டை மாறிவிட்டது. இங்கே மோட்ஸ் என்றால் தலைமுடி வளர்த்துக்கொண்டு, பள்ளிக்கூடத்தையும் வீட்டையும் விட்டுவிட்டு, நகரத்தின் நடுவே சும்மா நின்றுகொண்டிருக்கும் பையன்கள், பெண்கள். சும்மா நின்றதுதான் பெரிய குற்றம். 1965-ல் ஹோட்டோரி சதுக்கத்தில் இவர்களை விரட்டப் போய்ப் பெரிய கலாட்டாவே ஆனது.

அந்தக் காலத்து ஸ்வீடனைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்க வேண்டும். உலகத்தின் பணக்கார நாடுகளில் ஒன்று. 1965-ல் தொடங்கிப் பத்து வருடத்தில் பத்து லட்சம் வீடு கட்டுவோம் என்று அரசு சொன்னது, கட்டியும் காட்டியது. ஸ்டாக்ஹோமின் நடுவே கிளாரா என்ற பழைய குடியிருப்பைத் தெருத் தெருவாக இடித்துவிட்டு, கண்ணாடிக் கோபுரங்கள் ஐந்தும் தரைமட்டத்துக்குக் கீழே கறுப்பு வெள்ளை முக்கோணம் பதித்த ஒரு சதுக்கமும் வைத்தார்கள். 1967 செப்டம்பர் 3-ஆம் தேதி விடிகாலையில் நாடு முழுவதும் வண்டிகள் இடப்பக்கத்திலிருந்து வலப்பக்கத்துக்கு மாறின. அவ்வளவு கச்சிதமான அரசாங்கம். நாடே ஒரு வீடு, மக்கள் எல்லோரும் அதன் பிள்ளைகள் என்று 1928-லிருந்து பேசிவந்தார்கள். ‘ஃபோல்க்ஹெம்’, மக்கள் வீடு.

அதே 1965-ல்தான் ‘மெல்லன்ஓல்’ என்ற நடுத்தர பியரை மளிகைக் கடையில் விற்க விட்டார்கள். அதற்கு முன் போதை ஏறும் அளவுக்கான சரக்கு வேண்டுமென்றால் அரசு மதுக்கடைக்குத்தான் போக வேண்டும். இப்போது பால் பாக்கெட் பக்கத்திலேயே பியர். பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளைகள் குடிக்கக் கற்றுக்கொண்டதற்கு அதைத்தான் கைகாட்டினார்கள். 1977-ல் மறுபடி அதை மளிகைக் கடையிலிருந்து எடுத்துவிட்டார்கள். சரி, அதற்குள் ஒரு தலைமுறை குடித்து முடித்துவிட்டது.

மோட்ஸ் படத்தை முதலில் கணினியில், பிறகு கார்டெட் பகுதியில் இருக்கும் திரைப்பட மாளிகையில் பார்த்தேன். ஃபில்ம்ஹூசெட் என்று பெயர். வெளியிலிருந்து பார்த்தால் கான்கிரீட்டில் செய்த பெரிய கிடங்கு மாதிரி இருக்கும். உள்ளே இரண்டு அரங்குகள், விக்டர் என்று ஒன்று, மௌரிட்ஸ் என்று ஒன்று. மௌனப்பட காலத்து இயக்குநர்கள் ஷோஸ்ட்ரோம், ஸ்டில்லர் இருவரின் முதல் பெயர்கள்.

கறுப்பு வெள்ளைப் படம். கதை என்று எதுவும் கிடையாது. கென்டாவும் ஸ்டோஃபெவும் ஊரைச் சுற்றுகிறார்கள், புகைக்கிறார்கள், குடிக்கிறார்கள், யாரோ ஒருவரின் வீட்டில் படுத்து எழுகிறார்கள், சிரிக்கிறார்கள். நிறையச் சிரிக்கிறார்கள். நடுநடுவே தாங்கள் வளர்ந்த வீடுகளைப் பற்றிப் பேசுகிறார்கள். பெரியவர்களின் குடி, சண்டை, அங்கிருந்து வெளியே வந்த விதம். குரலில் அழுகை இல்லை. வேறு யாருக்கோ நடந்ததைச் சொல்கிற மாதிரி ஒரு கிண்டல். எனக்கு அந்தப் பேச்சில் பாதி புரியவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். குடியேறியவர்களுக்கான இலவச வகுப்பில் நான் படித்த ஸ்வீடிஷ் அங்கே பத்துப் பைசாவுக்கு உதவவில்லை. அது ஸ்டாக்ஹோமின் தெற்குத் தீவின் தெருப்பேச்சு. ஆங்கில சப்டைட்டில் ஓடிக்கொண்டிருந்தது, ஆனால் அரங்கில் மற்றவர்கள் சிரித்த இடமும் எனக்கு எழுத்து ஓடிய இடமும் ஒன்றுசேரவே இல்லை.

புரியாததிலும் ஒரு லாபம் இருந்தது. நான் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கென்டாவுக்குக் காமிரா இருப்பது தெரியும். அது தெரியும் என்பது நமக்கும் தெரிகிறது. சொல்லி முடித்த பிறகு உடனே பார்வையை விலக்காமல், சொன்னது எடுபட்டதா என்று ஒரு கணம் பார்க்கிறார். நடிகர்கள் செய்கிற காரியம். ஆனால் அவர் சொன்னது நடந்த கதை. இதை நடிப்பு என்பதா, சும்மா இருப்பது என்பதா என்று அன்றிரவு ரயிலில் வரும்போது யோசித்துக்கொண்டே வந்ததில், இறங்க வேண்டிய நிலையத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

ஆவணப்படம் என்றாலே நம் மனதில் ஒரு படம் இருக்கிறது. காமிரா ஓரமாக நிற்கும், வாழ்க்கை அதுபாட்டுக்கு நடக்கும், பின்னணியில் ஒரு கனமான குரல் விளக்கம் சொல்லும். அறுபதுகளில் இந்த மூன்றும் உடைந்தன. தோளில் தூக்கிக்கொண்டு நடக்கக்கூடிய 16 மி.மீ. காமிராக்கள் வந்தன. நாக்ரா என்ற ஒலிப்பதிவுக் கருவியைத் தோளில் மாட்டிக்கொண்டு, படத்தோடு பொருந்திப் போகும் ஒலியைத் தெருவிலேயே பிடிக்க முடிந்தது. ஒரு சுருள் 11 நிமிடம் ஓடும். அதற்குள் எது நடந்தாலும் பதிவாகும், நடக்காவிட்டால் ஃபிலிம் வீண். இந்த 11 நிமிடம் ஆட்களை மாற்றிவிடும். காமிரா முன் பதினோரு நிமிடம் யாராலும் ‘சும்மா’ இருக்க முடியாது. ஒன்று ஓடிவிடுவார்கள், இல்லை தங்களைத் தாங்களே நடித்துக் காட்ட ஆரம்பித்துவிடுவார்கள்.

ஸ்வீடனில் இந்த விஷயத்தைத் தோண்டியவர்கள் வேறு சிலரும் உண்டு. நாடகாசிரியராகப் பின்னால் பெரிய பெயர் வாங்கிய பீட்டர் வைஸ், ஜெர்மனியிலிருந்து தப்பி வந்து ஸ்டாக்ஹோமில் வாழ்ந்தவர், 1956-ல் புகைப்படக்காரர் கிறிஸ்டெர் ஸ்ட்ரோம்ஹோல்மோடு சேர்ந்து பழைய நகரத்தின் வீடற்ற ஆண்களைப் பற்றி ஒரு குறும்படம் எடுத்தார். ‘நிழலில் முகங்கள்’ என்று சொல்லலாம். அதில் வந்தவர்களின் பெயர் யாருக்கும் தெரியாது. அவர்கள் முகங்கள், அவ்வளவுதான். பன்னிரண்டு வருடம் கழித்து அதே ஊரின் அதே மாதிரி மனிதர்கள் பெயரோடும் குரலோடும் வருகிறார்கள். அந்த இடைவெளியில் ஏதோ நடந்திருக்கிறது.

நடுவில் வந்த ஒருவர் லேனா நீமன். 1967-ல் வில்கொட் ஷோமன் எடுத்த படத்தில் நடித்தவர். ஸ்வீடிஷ் தலைப்பு ‘ஆர்வமுள்ளவள் நான்’ என்று வரும். கொடியின் இரண்டு நிறத்துக்கு மஞ்சள் என்று ஒன்றும் நீலம் என்று ஒன்றுமாக இரண்டு படம். இருபத்திரண்டு வயதுப் பெண் மைக்கைத் தூக்கிக்கொண்டு தெருவில் போகிறவர்களை நிறுத்தி, ஸ்வீடனில் வர்க்க பேதம் இருக்கிறதா என்று கேட்கிறாள். பின்னால் பிரதமரான ஓலோஃப் பால்மே அவராகவே வருகிறார். ஸ்டாக்ஹோம் வந்திருந்த மார்ட்டின் லூதர் கிங்கும் வருகிறார். லேனாவின் பாத்திரத்துக்குப் பெயர் லேனா. இயக்குநரின் பெயர் வில்கொட், அவரும் படத்துக்குள் இயக்குநராக நடக்கிறார். எது எடுத்தது எது நடந்தது என்று பிரிக்க முடியாது. நிர்வாணக் காட்சிகளுக்காக அமெரிக்கச் சுங்கத்துறை படச்சுருளைப் பறிமுதல் செய்து, வழக்கு மேல் வழக்காகி, 1971-ல் உச்ச நீதிமன்றத்தில் ஒரு நீதிபதி விலகிக்கொண்டதால் நாலுக்கு நாலு என்று நின்றது. மேரிலாந்து மாநிலத்தில் போட்ட தடை அப்படியே இருந்துவிட்டது. இதற்குள் மற்ற மாநிலங்களில் படம் கூட்டம் கூட்டமாக ஓடி முடிந்திருந்தது.

லேனாவுக்கு அந்த நடிப்புக்காகக் குல்ட்பாகே விருது கொடுத்தார்கள். ஸ்வீடனின் தேசியத் திரைப்பட விருது. சொல்லுக்குச் சொல் பார்த்தால் பொன்வண்டு. தீப்பெட்டிக்குள் கொன்றை இலை போட்டுப் பொன்வண்டு வளர்த்த ஆளுக்கு இந்தப் பெயரைக் கேட்டதும் வந்த சந்தோஷத்தை ஸ்வீடிஷ் நண்பர்களுக்கு விளக்க முடியவில்லை.

லேனாவும் கென்டாவும் ஒரே காரியத்தைத்தான் செய்தார்கள், தங்கள் பெயரிலேயே காமிரா முன் நின்றார்கள். வித்தியாசம் ஒன்று உண்டு. லேனா நடிப்புப் பள்ளியில் படித்தவர். அந்த லேனாவைக் கழற்றி வைத்துவிட்டு அடுத்த பாத்திரத்துக்குப் போக அவருக்கு வழி இருந்தது. போனார். 1978-ல் பெர்க்மனின் படத்தில் இங்க்ரிட் பெர்க்மனின் நோயாளி மகளாக வருகிறாரே, அவர்தான். கென்டாவுக்கு அடுத்த பாத்திரம் கிடையாது. பத்து வருடம் கழித்து யார்ல் மறுபடி வந்து கதவைத் தட்டியபோதும் அவர் கென்டாதான்.

கென்டாவின் முதல் படத்தைப் பற்றி ஒன்று விட்டுப்போயிற்று. அதில் உண்மையான உடலுறவுக் காட்சி ஒன்று உண்டு. தணிக்கை வாரியம் வெட்டச் சொன்னது. இயக்குநர்கள் அரசிடம் முறையிட்டார்கள், அரசு வெட்டாமல் விட்டது. அதுவே அப்போது பெரிய செய்தி. இன்றைக்குப் பார்த்தால் அந்தக் காட்சி அல்ல, பசங்கள் இரண்டு பேரும் தங்கள் குடும்பத்தைப் பற்றிச் சிரித்துக்கொண்டே சொல்கிற இடங்கள்தான் கூச்சமாக இருக்கின்றன. எதை வெட்டுவது என்று தணிக்கைக்காரர்களுக்கு எப்போதுமே தெரிந்ததில்லை.

இரண்டாவது படத்தின் பெயர் ‘ஒரு மரியாதையான வாழ்க்கை’. 1979-ல் வந்தது. இந்த முறை யார்ல் தனியாக எடுத்தார், வண்ணத்தில். முதல் படத்தில் கறுப்பு வெள்ளையில் ஒரு அழகு இருந்தது. வறுமையும் குளிரும்கூட அதில் கவிதை மாதிரி தெரியும். வண்ணம் அந்தச் சலுகையைத் தரவில்லை. தோலின் நிறம் தெரிகிறது. இதற்குள் ஊரும் மாறிவிட்டது. அறுபதுகளில் ஸ்டாக்ஹோமின் போதை என்றால் முக்கியமாக ஆம்பெட்டமின்தான். எழுபதுகளின் நடுவில் ஹெராயின் வந்து இறங்கியது. அந்த முக்கோணம் பதித்த சதுக்கத்தைப் பிளாட்டன் என்பார்கள், தளக்கல் என்று சொல்லலாம். விற்பனை அங்கேதான் நடந்தது. நாட்டின் புதிய மையம் என்று கட்டியது, நாடாளுமன்றம் கொஞ்ச வருடம் அதன் பக்கத்துக் கட்டடத்தில்தான் இயங்கியது. அதன் வாசலில் இது.

கென்டா பெரும்பாலும் குடியோடு நின்றார். ஸ்டோஃபெ ஹெராயினுக்குப் போனார். இரண்டு பேருக்கும் பிள்ளைகள் பிறந்திருந்தன. படம் எடுத்துக்கொண்டிருக்கும்போதே, 1978-ல், ஸ்டோஃபெ அளவுக்கு மீறிய போதையில் இறந்துபோனார். முப்பது வயதுகூட முழுதாக வாழ்ந்தாரா என்றால் கிட்டத்தட்ட அவ்வளவுதான்.

ஃபில்ம்ஹூசெட்டில் இதைப் பார்த்த அன்று அரங்கில் இருபது பேர் இருந்திருப்போம். முதல் படத்துக்குச் சிரித்தவர்கள் இதற்கு இருமக்கூட இல்லை. கென்டா தன் அம்மாவோடு உட்கார்ந்திருக்கும் ஒரு காட்சி இருக்கிறது. அம்மாவும் குடிப்பவர். அங்கே பாசமும் ஆத்திரமும் ஒரே குவளையில் ஊற்றியது போல இருக்கும். எது எப்போது மேலே வரும் என்று சொல்ல முடியாது. நான் எழுந்து வெளியே போய்விட்டேன். தண்ணீர் குடிக்கிற சாக்கில் நடைபாதையில் ஐந்து நிமிடம் நின்றேன்.

காரணம் படம் இல்லை. என் தாய்மாமா ஒருவர். எங்கள் வீட்டுக் கல்யாணம் ஒன்றில் வீடியோக்காரர் விளக்கைத் தூக்கிக்கொண்டு பந்திப் பக்கம் வந்தபோது, மாமா எழுந்து நின்று ஒரு பழைய சினிமாப் பாட்டைப் பாட ஆரம்பித்தார். அப்போதே நல்ல போதை. அந்த வெள்ளை வெளிச்சத்தில் கண் கூசிக்கொண்டு, கையை அசைத்து, இரண்டு சரணம் முழுதாகப் பாடினார். குரல் உண்மையிலேயே நன்றாக இருக்கும். முடித்ததும் வீடியோக்காரரைப் பார்த்து, “விழுந்துதா தம்பி?” என்று கேட்டார். அதுவும் பதிவாகியிருக்கிறது. அந்தக் கேசட்டை வருடக்கணக்கில் வீட்டில் போட்டுப் போட்டுச் சிரித்தோம். மாமாவும் கூட உட்கார்ந்து சிரிப்பார், அந்த இடம் வந்ததும் மறுபடி போடச் சொல்வார். ஈரல் கெட்டு அவர் போன பிறகு அந்தக் கேசட்டை யாரும் தொடவில்லை. ஒருமுறை வேறு எதற்கோ ஓடவிட்டபோது பந்தி வரும் நேரம் பார்த்து அம்மா எழுந்து சமையலறைக்குப் போனாள். அரிசி களைகிற சத்தம் கேட்டது. அப்போது மணி மாலை நாலு.

“விழுந்துதா தம்பி?” என்று கேட்ட அந்த முகத்தைத்தான் நான் கென்டாவிடம் பார்த்தேன்.

இந்த மாதிரிப் படங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் கட்டாயம் ஒரு கேள்விக்கு வருவார்கள்: இயக்குநர் காமிராவைக் கீழே வைத்துவிட்டு அந்த ஆளைக் காப்பாற்றியிருக்கக் கூடாதா? எனக்கும் அந்தக் கேள்வி இருக்கிறது. யார்ல் மேல் இரண்டாவது படம் முழுக்க எனக்குக் கோபம் இருந்தது. ஸ்டோஃபெ ஊசி போட்டுக்கொள்ளும் உலகத்தில் அவ்வளவு அருகில் ஒரு லென்ஸ் இருக்கிறது என்றால் அந்த லென்ஸுக்குப் பின்னால் ஒரு கையும் இருக்கிறது. அந்தக் கை வேறு எதையாவது செய்திருக்கலாம்.

ஆனால் கோபத்தின் கூடவே இன்னொன்றையும் சொல்ல வேண்டும். எங்கள் கல்யாண வீடியோக்காரர் விளக்கை அணைத்துவிட்டு அடுத்த முகூர்த்தத்துக்குப் போய்விட்டார். யார்ல் போகவில்லை. 1968, 1979, 1993 என்று மூன்று படம், இருபத்தைந்து வருடம். முதல் படம் வந்த வருடமே தன்னைப் போன்ற சிறு இயக்குநர்களோடு சேர்ந்து ஃபில்ம்சென்ட்ரும் என்ற விநியோக அமைப்பைத் தொடங்கினார். 1973-ல் மக்கள் திரையரங்கு என்ற பொருளில் ஃபோல்கெட்ஸ் பியோ. பெரிய கம்பெனிகள் தொடாத படங்களைப் பள்ளிக்கும் சங்கங்களுக்கும் கொண்டுபோகிற வேலை. இரண்டாவது படத்துக்குச் சிறந்த படம் என்று பொன்வண்டு கிடைத்தது. இது எதுவும் ஸ்டோஃபெவைத் திருப்பித் தரவில்லை. என் கோபமும் முழுதாகப் போகவில்லை. இரண்டும் அதுபாட்டுக்கு இருக்கட்டும்.

மூன்றாவது படம் பிள்ளைகளைப் பற்றியது. ‘சமூகப் பரம்பரைச் சொத்து’ என்பது போலத் தலைப்பு. குடிகாரரின் பிள்ளை குடிகாரன் ஆவான், வறுமையும் சீரழிவும் சொத்து மாதிரிக் கைமாறும் என்ற கருத்தை இங்கே பிரபலமாக்கியவர் குஸ்டாவ் யோன்சன் என்ற குழந்தைகள் மனநல மருத்துவர். அந்தத் தலைப்பிலேயே 1969-ல் புத்தகம் எழுதியவர். யார்ல் போய்ப் பார்த்தால், பழைய மோட்ஸின் பிள்ளைகளில் பெரும்பாலானவர்கள் சாதாரணமாக வேலைக்குப் போய் வந்துகொண்டிருந்தார்கள். படமாக எனக்கு இது மூன்றிலும் சுமார்தான். சொல்ல வந்ததை முன்பே முடிவு செய்துகொண்டு எடுத்த மாதிரி இருக்கிறது. ஆனாலும் பார்த்து முடித்தபோது கொஞ்சம் மூச்சு விட முடிந்தது.

பாட்டுக்கு வருகிறேன். இரண்டாவது படம் வந்த அதே 1979-ல் கென்டா பாட ஆரம்பித்தார். ‘யுஸ்ட் இடாக் ஏ யா ஸ்டார்க்’ என்ற பாட்டு பிடித்துக்கொண்டது. அடுத்த வருடம் யூரோவிஷனுக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் ‘மெலடிஃபெஸ்டிவாலென்’ மேடையிலும் ஏறினார். நாடே குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கிற நிகழ்ச்சி அது. ஒரு வருடம் முன்னால் அழிந்துபோகிற ஆளாகத் திரையில் பார்த்தவரை இப்போது மினுமினுப்பு விளக்குக்கு நடுவே பார்த்தார்கள். பெரிய பாடகராக நிலைக்கவில்லை. 2003-ல் புற்றுநோயில் இறந்தார். தெற்குத் தீவின் ஆள், ஹம்மர்பியின் ஆள். அவர் போன பிறகு அந்த அணியின் ரசிகர்கள் பாட்டை எடுத்துக்கொண்டார்கள்.

அந்தத் தலைப்பை நான் முதலில் தப்பாகத்தான் புரிந்துகொண்டேன். ‘யுஸ்ட்’ என்பதை எழுத்தில் பார்த்தால் ஆங்கிலத்தின் ஜஸ்ட் மாதிரியே இருக்கும். அதனால் ‘இன்றைக்கு மட்டும் நான் பலமாக இருக்கிறேன்’ என்று மனதுக்குள் மொழிபெயர்த்துக்கொண்டேன். குடிகாரரின் பாட்டு, நாளைக்கு மறுபடி விழப்போகிறவரின் பாட்டு. படம் பார்த்த பிறகு அது இன்னும் பொருத்தமாகத் தெரிந்தது. ஸ்வீடிஷ் வகுப்பில் என்னுடைய ஆசிரியை ஆளுக்கொரு பாட்டைக் கொண்டுவந்து விளக்கச் சொன்னபோது இதைத்தான் கொண்டுபோய், இந்த அர்த்தத்தைத்தான் கொஞ்சம் உருக்கமாகவே சொன்னேன். அவர் முழுதும் கேட்டுவிட்டு, ‘மட்டும்’ என்று சொல்ல வேண்டுமானால் அதற்கு ‘பாரா’ என்ற சொல் இருக்கிறதே என்றார். யுஸ்ட் என்றால் அதே, அந்தக் குறிப்பிட்ட, சரியாக அது. பலகையில் இரண்டையும் எழுதி நடுவே கோடு போட்டார்.

வீட்டுக்கு வந்து தமிழில் சொல்லிப் பார்த்தேன். நமக்கு அதற்குத் தனிச் சொல்லே வேண்டாம், ஒரு ‘தான்’ போதும். இன்றைக்கு மட்டும் நான் பலமாக இருக்கிறேன். இன்றைக்குத்தான் நான் பலமாக இருக்கிறேன். முதலாவதைச் சொல்கிறவன் தலையைக் குனிந்திருக்கிறான். இரண்டாவதைச் சொல்கிறவன் எங்கள் மாமா மாதிரி எழுந்து நின்றிருக்கிறான்.

போன பருவத்தின் முதல் ஆட்டத்துக்கு என் மகளையும் கூட்டிக்கொண்டு போனேன். அவளுக்கு ஒன்பது வயது, இங்கேயே பிறந்தவள். பாலத்தின் மேல் கூட்டம் நெருக்கியபோது தோளில் தூக்கிக்கொள்ளச் சொன்னாள். மைதானத்தின் பெயரை இதற்குள் மாற்றிவிட்டார்கள், பாட்டை மாற்றவில்லை. ஒலிபெருக்கியில் அந்தக் கரகரப்பு வந்ததும் துண்டைத் தலைக்கு மேல் விரித்துப் பிடித்துக்கொண்டு நானும் பாடினேன். முதல் சொல்லிலேயே அவள் என் சட்டையை இழுத்தாள்.

“ஜஸ்ட் இல்லப்பா. யுஸ்ட்.”